மிதுனன் நடந்த விதம்

மல்வேர்ன், ஸ்காபரோ
1997 பெப்ரவரி 8

அன்புள்ள தேனுகா அக்காவுக்கு,

கடிதத்தின் முதல் வரியில் சுகம் விசாரிக்க வேண்டும் என்று தமிழ் வகுப்பில் சொல்லித் தந்திருக்கிறார்கள். மன்னித்துக்கொள்ளுங்கள், இன்றைக்கு எனக்கு அந்தப் பொறுமை இல்லை. மத்தியானம் எங்கள் லைப்ரரியில் உங்கள் பெயரைத் திரையில் கண்டேன்.

சனிக்கிழமைகளில் லைப்ரரியின் கீழ் மாடியில் சிறுவர் படம் போடுவார்கள். எனக்குப் பன்னிரண்டு வயது. அங்கே வருகிறவர்கள் மூக்கு வடிகிற சின்னப் பிள்ளைகள். வெளியே பனி கொட்டியதால் நானும் ஒரு புத்தகத்தோடு பின்வரிசையில் இருந்தேன். சுவீடன் படம். ஒரு ஆடு பஸ்சுக்குக் காத்து நிற்கிறது, அவ்வளவுதான் கதை. ஆடு கடதாசியில் வெட்டியது. அதன் உடம்பு முழுக்கப் பழைய பஸ் ரிக்கற்றுகள். ஆடு மூச்சு விட்டபோது ரிக்கற்றில் இருந்த இலக்கங்களும் மூச்சு விட்டன. நான் புத்தகத்தை மூடிவிட்டேன்.

கடைசியில் பெயர்கள் ஓடின. இயக்கம்: குன்வோர் எக்லுண்ட். அதற்குக் கீழே நாலைந்து சுவீடன் பெயர்கள். எல்லாவற்றுக்கும் கீழே, மிகச் சின்ன எழுத்தில், தேனுகா நாகமணி. "அது என்ரை அக்கா!" என்று கத்திவிட்டேன். முன்னால் இருந்த பெடியன் பயந்து அழத் தொடங்கினான்.

ஆனால் போன கிழமையும் பெரியம்மா ரெலிபோனில் அம்மாவிடம், "தேனு மருந்துப் படிப்பிலை மூழ்கிப்போய் இருக்கிறாள், முழுநேரமும் லாபிலைதான்" என்று சொன்னார். அது எந்த லாப்? சுவீடனில், நீங்கள் படிக்கிற உப்சாலாவில், இன்னொரு தேனுகா நாகமணி இருக்கிறாரா?

நான் இன்னும் அம்மாவிடம் மூச்சு விடவில்லை. சொல்லட்டுமா?

அதிர்ச்சி தீராத தங்கை,
துர்க்கா


உப்சாலா
1997 பெப்ரவரி 21

துர்க்கா,

சொல்லாதே. சொன்னால் உன் அம்மா என் அம்மாவுக்கு ரெலிபோன் எடுப்பார், என் அம்மா இங்கே உப்சாலா வரை கேட்க ஒப்பாரி வைப்பார். அந்த ஆடு கனடா வரை போகும் என்று எனக்கு ஒருவரும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் என் பெயரைப் போடவேண்டாம் என்று கெஞ்சியிருப்பேன்.

நடந்தது இதுதான். இரண்டு வருடத்துக்கு முன் கோடை விடுமுறையில் ஒரு வேலைக்குப் போனேன். கண்ணாடி துடைக்கும் வேலை. ஒரு பழைய கட்டடத்தின் மேல்மாடியில் கட்டில் அளவு மேசை. அதில் ஒன்றுக்கு மேல் ஒன்றாக நாலு கண்ணாடித் தட்டுகள். உச்சியில் ஒரு கமரா கீழே பார்த்தபடி. நான் துடைத்து முடித்ததும் ஒரு கிழவி வந்து கண்ணாடியை மணந்து பார்த்து, "நாளைக்கும் வா" என்றார். அவர்தான் குன்வோர். போன வருடம் மருந்துப் படிப்பை விட்டுவிட்டேன்.

அவர் ஒன்றையும் கீறுவதில்லை. வெட்டுவார். ஆட்டின் கால், தொடை, கழுத்து எல்லாம் தனித்தனித் துண்டுகள். மூட்டுகளில் நூல் கோத்து, கண்ணாடியில் படுக்கவைத்து, ஒரு மயிரளவு நகர்த்தி ஒரு படம் எடுப்பார். திரும்ப நகர்த்தி இன்னொரு படம். ஒரு முழு நாள் வேலை, நீ தும்மினால் தவறிப்போகும் அளவுதான் திரையில் ஓடும்.

அவருக்கு ஒரு சட்டம் உண்டு. பிரதி எடுத்த கடதாசியை வெட்டமாட்டார். பழைய சுவர்க் கடதாசி, சீனிப் பை, ரிக்கற், யாரோ எழுதிவிட்டு எறிந்த தபாலட்டை. அசல்தான் வேண்டும். ஒருமுறை நான் ஒரு ரிக்கற்றைக் கசங்காமல் இருக்கட்டும் என்று போட்டோக்கொப்பி எடுத்துக் கொடுத்தேன். "இதிலை ஒருத்தரும் பஸ்ஸிலை போகேல்லை" என்று திருப்பித் தந்தார்.

ஊரார் அவருக்குப் பொருட்கள் கொண்டுவந்து கொடுப்பார்கள். எல்லாம் வெட்டு மேசைக்குப் போகும். அந்த மேசைக்கு வந்தது கத்தரிக்கோலுக்கு வந்தது என்பது இங்கே எல்லோருக்கும் தெரியும்.

நீ கெட்டிக்காரி. வாயை மூடிக்கொண்டிரு.

தேனுகா


மல்வேர்ன்
1997 மார்ச் 10

அன்புள்ள தேனுகா அக்காவுக்கு,

வாயை மூடிக்கொண்டுதான் இருக்கிறேன். ஆனால் மிஸ் சீமோன் எங்கள் வகுப்புக்கு ஒரு பேச்சுப் போட்டி வைத்திருக்கிறார். உயிரோடு இருக்கும் ஒருவரின் வாழ்க்கைத் தொழிலைப் பற்றிப் பேச வேண்டும். பெடியள் எல்லாரும் ஹொக்கி வீரர்களை எடுத்துவிட்டார்கள். நான் குன்வோர் எக்லுண்ட் என்று எழுதிக் கொடுத்தேன். "உனக்கு இவரை எப்படித் தெரியும்?" என்று மிஸ் கேட்டார். "ஒரு ஆட்டின் மூலம்" என்றேன். உங்களைக் காட்டிக்கொடுக்கவில்லை, பார்த்தீர்களா!

"பிரதியில் உயிர் இல்லை என்று நம்பும் ஒரு பெண்" என்பதுதான் என் பேச்சின் முதல் வரி. அதை எழுதியபோது எனக்கே புல்லரித்தது.

வீட்டில் கண்ணாடிக்கு முன் நின்று பேசிப் பழகினேன். அம்மா பேக்கரி வேலையால் வந்து, சப்பாத்தைக் கழற்றாமல் கேட்டுக்கொண்டு நின்றார்.

"ஆரடி அந்த மனுசி?"

"சுவீடனிலை கார்ட்டூன் எடுக்கிறவ."

"பிள்ளையள் இருக்கோ?"

"தெரியாதம்மா."

"அதைக் கேட்டறியாமல் என்ன பேச்சு?" என்றார்.

ஆகவே, அக்கா, கேட்டு எழுதுங்கள். அவருக்குப் பிள்ளைகள் உண்டா? எப்படி இந்தத் தொழிலுக்கு வந்தார்? முதல் படம் எது? இவ்வளவு காலமும் அலுக்கவில்லையா?

ஆவலுடன்,
துர்க்கா


உப்சாலா
1997 ஏப்ரல் 2

துர்க்கா,

உன் கேள்விகளைத் தேத்தண்ணி இடைவேளையில் ஒவ்வொன்றாகக் கேட்டேன். பிள்ளைகள் இல்லை. "ஆர் கேக்கினம்?" என்றார். "என்ரை சின்னம்மா" என்றேன். "நல்ல கேள்விதான்" என்று சொல்லிவிட்டு நெடுநேரம் கரண்டியால் கலக்கினார்.

பெரிய கடை ஒன்றின் கண்ணாடி யன்னலுக்குக் கடதாசி உருவங்கள் வெட்டுகிறவராக இருந்தாராம். ஒரு நத்தார்ப் பண்டிகைக்கு அவர் வெட்டிய வாத்து, நூலை இழுத்தால் தலையை ஆட்டும். குளிருக்குள் சனம் வரிசையாக நின்று பார்த்ததாம். அதைப் பார்த்த ரீவிக்காரர் ஒருவர் ஒரு பழைய கமராவை இரவல் கொடுத்தார். சாப்பாட்டு மேசையில் கதிரையை ஏற்றி வைத்து, அதன் நாலு கால்களுக்கு நடுவில் கமராவைக் கட்டி, முதல் படத்தை எடுத்தார். அந்தக் குளிர்காலம் முழுவதும் நின்றுகொண்டே சாப்பிட்டாராம்.

பிறகு பொத்தான் திருடும் ஒரு காகம். அது வருடக்கணக்காக ரீவியில் ஓடியது. இங்கே முப்பது வயது தாண்டிய எவரிடமும் அந்தக் காகத்தைச் சொன்னால் முகம் குழந்தையாகிவிடும். பரிசுகளும் வந்தன. அவற்றால் கதவு அடிபடாமல் முட்டுக்கொடுத்திருக்கிறார்.

ஆனால் ரீவியில் புதிதாக வந்தவர்களுக்குக் கம்பியூட்டர்தான் வேண்டும். "இன்னும் ஒரு படம் தாங்கோ, பிறகு ஓய்வெடுங்கோ" என்று சொல்லிவிட்டார்கள். அந்தக் கடைசிப் படத்தில் முதல் தடவையாக ஒரு மனிதப் பிள்ளை வருகிறது. ஒரு சிறுவன் கடல்நீரேரி ஓரமாக நடந்து போகிறான். நான் எங்கள் ஊர்க் கடலைப் பற்றிச் சொன்னதால் வந்த கதை. பழைய சஞ்சிகை விளம்பரங்களிலிருந்து எத்தனையோ பிள்ளைகளை வெட்டிப் பார்த்தார். ஒன்றும் சரிவரவில்லை. "எல்லாம் சீஸ் விக்கிற பிள்ளையள்" என்று குப்பையில் போட்டார்.

அப்போது நான் உன் அண்ணா மிதுனனைப் பற்றிச் சொன்னேன். ஏன் சொன்னேன் என்று தெரியாது. அவன் எனக்கு நாலு வயது இளையவன். எட்டு வயதில் ஷெல் விழுந்து செத்தவன் என்று சொன்னேன். கத்தரிக்கோலைக் கீழே வைத்தார். "படம் இருக்குதோ?" என்று கேட்டார்.

சின்னம்மாவிடம் ஒன்று இருந்தது எனக்கு நினைவு. அனுப்ப முடியுமா? அவன் முகம் எப்படி இருந்தது என்று அவர் பார்க்கவேண்டும்.

தேனுகா


மல்வேர்ன்
1997 ஏப்ரல் 20

அன்புள்ள தேனுகா அக்காவுக்கு,

பேச்சில் எனக்கு இரண்டாம் இடம். முதலாம் இடம் ஒரு ஹொக்கி வீரருக்கு.

இந்த உறைக்குள் அண்ணாவின் படம் இருக்கிறது. அம்மாவுக்குத் தெரியாது.

இது ஒன்றுதான் இருக்கிறது. ஜேர்மனியிலிருந்து ஊருக்கு வந்த ஒரு அங்கிள் எடுத்தது. படத்தை அனுப்பினார், பிலிம் எங்கே போனதென்று அவருக்கே தெரியாது. வீடு எரிந்தபோது மற்றதெல்லாம் போய்விட்டது. அம்மா இதைச் சட்டைக்குள் வைத்துத்தான் கனடா வரை கொண்டுவந்தார். ஒரு வெள்ளைத் துணியில் சுற்றி அலுமாரியின் மேல்தட்டில் வைத்திருக்கிறார். ஐப்பசியில், அண்ணா செத்த நாளில் மட்டும் வெளியே எடுத்துச் சாமித் தட்டுக்கு முன்னால் வைத்துப் படைப்பார். பின்னேரம் திரும்பச் சுற்றி வைத்துவிடுவார். மற்ற நாட்களில் அவன் பெயரைக்கூடச் சொல்வதில்லை. அப்பாவும் நானும் சொல்வதில்லை. எங்கள் வீட்டில் அது அப்படித்தான்.

அண்ணா சாகும்போது எனக்கு இரண்டு வயது. அவனைப் பற்றி எனக்குத் தெரிந்தது இந்தப் படத்தில் உள்ளது மட்டும்தான். கோடுபோட்ட சேட்டு, பெரிய காது, இடுப்பில் ஒரு கை, கிணற்றடிச் சுவர். குன்வோர் போன்ற ஒருவர் அவனைப் பார்த்தால், நான் காணாத எதையாவது கண்டுபிடிப்பார் என்று ஒரு நம்பிக்கை.

பார்த்ததும் திருப்பி அனுப்பிவிடுங்கள். ஐப்பசிக்கு முன் அலுமாரியில் இருக்க வேண்டும். பத்திரம், அக்கா.

துர்க்கா


உப்சாலா
1997 மே 14

துர்க்கா,

எப்படி எழுதுவதென்று தெரியாமல் மூன்று கடதாசியைக் கிழித்துவிட்டேன்.

உன் கடிதம் வந்த அன்று நான் அம்மாவைப் பார்க்க அவசரமாக ரயில் ஏற வேண்டியிருந்தது. படத்தைக் குன்வோர் காணவேண்டுமே என்று வெட்டு மேசையில் வைத்துவிட்டு ஓடினேன். திரும்பி வந்தபோது மிதுனன் கண்ணாடியில் படுத்திருந்தான். தலை தனி. தோள் தனி. முழங்கையில் நூல், முழங்காலில் நூல்.

குன்வோர் என்னைப் பார்த்துச் சிரித்தார். இந்த இரண்டு வருடத்தில் அப்படிச் சிரித்து நான் கண்டதில்லை. "வந்திட்டான்" என்றார்.

அவரில் பிழை இல்லை. அந்த மேசையின் சட்டம் எனக்குத் தெரியும். அதை நான்தான் உனக்கு எழுதினேன். "பாத்திட்டுத் திருப்பித் தரவேணும்" என்று ஒரு வார்த்தை நான் சொல்லவில்லை. இங்கே ஒவ்வொரு பிள்ளைக்கும் அல்பம் அல்பமாகப் படம் இருக்கும். செத்துப்போன ஒரு பிள்ளைக்கு உலகத்திலேயே ஒரு படம்தான் மிச்சம் என்று இந்த ஊரில் யார் நினைப்பார்கள்? எனக்கு அது தெரிந்திருந்தும் நான் நினைக்கவில்லை.

என்னை எப்படி வேண்டுமானாலும் திட்டு.

தேனுகா


மல்வேர்ன்
1997 மே 26

தேனுகா அக்கா,

உங்கள் கடிதத்தைக் காலையில் தபால்பெட்டியில் எடுத்து, பள்ளிக்கூடம் போகும்போது பஸ்ஸில் உடைத்தேன். இறங்க வேண்டிய தரிப்பைத் தாண்டிக் கடைசித் தரிப்பு வரை போய்விட்டேன். ட்ரைவர் வந்து, "ஆர் யூ ஓக்கே?" என்று கேட்டார். கடிதத்தைப் புத்தகப் பைக்குள் செருகிக்கொண்டு இறங்கினேன்.

தலை, தோள், முழங்கை, முழங்கால். நீங்கள் ஒவ்வொன்றாக, வரிசையாக எழுதியிருக்கிறீர்கள்.

ஷெல் விழுந்த பிறகு அம்மா அண்ணாவை எப்படிக் கண்டார் என்று எனக்கு ஒருவரும் சொன்னதில்லை. ஆனால் ஒருமுறை அப்பாவும் அவரின் கூட்டாளி அன்புராசா அங்கிளும் மெதுவாகக் கதைத்துக்கொண்டிருந்தார்கள். நான் கதவுக்கு இந்தப் பக்கம் புத்தகத்தோடு இருந்தேன். அம்மா அவனை ஒரு சீலையில் சேர்த்தெடுத்தார் என்று அப்பா சொன்னார். சேர்த்து என்ற சொல்லின் அர்த்தம் அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

அம்மா அதை இரண்டாம் தரம் பார்க்கக் கூடாது. அவ்வளவுதான் நான் கேட்பது.

"பிரதியில் உயிர் இல்லை" என்று மேடையில் நின்று பேசினேனே. எல்லாரும் கை தட்டினார்களே.

துர்க்கா


உப்சாலா
1997 ஜூன் 12

துர்க்கா,

குன்வோரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். சீலை வரைக்கும் சொன்னேன்.

முதலில் அவருக்கு விளங்கவில்லை. "நெகற்றிவ் இருக்கும்தானே?" இல்லை. "பள்ளிக்கூடத்திலை எடுத்த படம்?" இல்லை. "மாமன் மச்சான் வீட்டிலை?" இல்லை. ஒவ்வொரு இல்லைக்கும் அவர் முகம் வெளுத்துக்கொண்டே போனது. பிறகு என்மேல் பாய்ந்தார். "இருக்கிற ஒண்டை ஏன் என்ரை கையிலை தந்தனீங்கள்? நான் வெட்டுறவள் எண்டு தெரியாதோ?" நான் மூன்றாவது கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு நின்றேன். அதில் ஒரு அழுக்கும் இருக்கவில்லை.

ஒரு கிழமை கதவைப் பூட்டிவிட்டார். ரீவிக்காரர் அடிக்கும் ரெலிபோனையும் எடுக்கவில்லை. நேற்றுக் கூப்பிட்டு இரண்டு வழி சொன்னார். ஒன்று, துண்டுகளை ஒட்டித் திருப்பி அனுப்புவது. படம் எடுப்பதை நிறுத்துவது. வேறொரு பிள்ளையை வெட்ட மாட்டாராம். அத்தோடு அவருடைய தொழிலும் முடிந்தது. மற்றது, இந்தத் துண்டுகளாலேயே படத்தை எடுத்து முடிப்பது.

"நானோ நீயோ அந்தச் சின்னப் பிள்ளையோ இதை முடிவு செய்யேலாது. தாய் சொல்லவேணும்" என்கிறார். தாய் சொல்லும் வரை கண்ணாடியைத் தொடமாட்டார்.

நீ சின்னம்மாவிடம் சொல்லத்தான் வேண்டும், துர்க்கா. வேண்டுமென்றால் நான் ரெலிபோன் எடுக்கிறேன்.

தேனுகா


மல்வேர்ன்
1997 ஜூன் 28

அன்புள்ள தேனுகா அக்காவுக்கு,

நாங்கள் அனைவரும் நலம். நீங்கள் ரெலிபோன் எடுக்கத் தேவையில்லை. அம்மாவிடம் விபரம் முழுவதையும் கூறினேன். அவருக்குக் கோபம் இல்லை. படத்தை எடுத்து முடிக்கும்படி கூறினார். இதைத் திருமதி எக்லுண்ட் அவர்களுக்குத் தெரிவிக்கவும். இங்கே வெயில் நன்றாக எறிக்கிறது.

இப்படிக்கு,
துர்க்கா ஸ்ரீஸ்கந்தராசா


உப்சாலா
1997 செப்ரெம்பர் 30

துர்க்கா,

இந்தப் பொதியில் ஒரு வீடியோக் கொப்பியும் ஒரு சின்ன உறையும் இருக்கின்றன. உறைக்குள் மிதுனனின் துண்டுகள். நூல்களைக் குன்வோர் தன் கையாலேயே கழற்றினார். ஒட்டவில்லை. "ஒட்டினால் அது பொய்" என்றார்.

கோடை முழுவதும் அந்த மேசையில் வளைந்து நின்றார். நடக்கத் தெரியவேண்டும் என்பதற்காகக் கீழ்வீட்டுப் பெடியனைக் கூப்பிட்டு முற்றத்தில் மேலும் கீழும் நடக்கவிட்டுப் பார்த்தார். மார்கழியில் ரீவியில் போடுவார்கள். அதற்கு முன் தாய் பார்க்கவேண்டும் என்று முதல் கொப்பியை உங்களுக்கு அனுப்பச் சொன்னார். எங்கள் கொப்பி உங்கள் மெசினில் ஓடாது, அங்கேயுள்ள தமிழ் வீடியோக் கடையில் மாற்றித் தருவார்கள்.

இனி ஒன்று. நீ வெயிலைப் பற்றி எழுதுகிறவள் இல்லை. உன் ஜூன் மாதக் கடிதத்தை வாசித்ததும் எனக்குத் தெரிந்துவிட்டது. தெரிந்தும் குன்வோரிடம் "தாய் ஓம் எண்டிட்டா" என்று சொன்னேன். ஆகவே அந்தப் பொய்யில் பாதி என்னுடையது. போன கிழமை என் அம்மாவிடம் மருந்துப் படிப்பைப் பற்றிச் சொல்லிவிட்டேன். இன்னும் என்னோடு கதைக்கவில்லை. ஆனாலும் எனக்கு நித்திரை வருகிறது.

ஐப்பசி வருகிறது, துர்க்கா.

தேனுகா


மல்வேர்ன்
1997 நவம்பர் 2

அன்புள்ள தேனுகா அக்காவுக்கு,

நான் சொல்லவில்லை. கடைசி வரை சொல்லவில்லை. ஒவ்வொரு நாளும் நாளைக்கு என்று நினைத்தேன். இன்று காலையில் அம்மா குளித்துவிட்டு ஈரத் தலையோடு அலுமாரியைத் திறந்தார். நான் அறைக்குள் போய் உறையை எடுத்துக்கொண்டு வருவதற்குள் அவர் துணியை விரித்துவிட்டார்.

வெறும் துணி. அம்மா அதை உதறிப் பார்த்தார். திரும்பவும் உதறினார். அந்தச் சத்தத்தை என்னால் எழுத முடியவில்லை.

"அம்மா, இஞ்சை" என்று உறையை நீட்டினேன். அவர் அதைத் துணியின்மேல் கொட்டினார். அவராகத்தான் ஒவ்வொன்றாகத் திருப்பினார். காதைக் கண்டதும் கை நின்றது.

"ஆர் வெட்டினது?"

சொன்னேன். ஆட்டிலிருந்து தொடங்கி, உங்கள் படிப்பு, பேச்சுப் போட்டி, நான் களவாக எடுத்தது, அம்மா சம்மதித்ததாக எழுதிய பொய் எல்லாவற்றையும் சொன்னேன். அடிப்பார் என்று நினைத்தேன். அடித்தால் நல்லது என்றும் நினைத்தேன். அவர் நான் சொல்வதைக் கேட்டாரா என்றே தெரியவில்லை. துண்டுகளைத் துணியில் அடுக்கிக்கொண்டிருந்தார். தலை, தோள், கை. ஒரு துண்டிலும் தடுமாறவில்லை, அக்கா. தெரிந்த வேலை மாதிரிச் செய்தார். நான் சுவரோடு ஒட்டி நின்றுவிட்டேன்.

"எங்கை அந்தப் படம்?" என்றார்.

அப்பா வேலைக்குப் போய்விட்டார். நாங்கள் இரண்டு பேரும் மட்டும். கடையில் மாற்றி வைத்திருந்த கொப்பியைப் போட்டேன்.

உங்களுக்குத் தெரியும் அது எவ்வளவு அழகான படம் என்று. அந்தக் கடல், நீலச் சீனிப் பைகளால் செய்த கடல். நாரைகள். அவன் கண்டல் மரங்களுக்குள்ளால் வருகிறான். என் அண்ணா! இரண்டு கையையும் வீசிக்கொண்டு, தலையை நிமிர்த்திக்கொண்டு நேரே நடந்து வருகிறான். நான் வாயைப் பொத்திக்கொண்டு அழுதேன். அம்மா அழவில்லை. கதிரை நுனியில் இருந்தார்.

"திருப்பிப் போடு."

போட்டேன்.

"இன்னொருக்கால்."

போட்டேன். படம் முடிந்ததும் அம்மா என்னைப் பார்த்தார். அவருக்கு இவ்வளவு கோபம் வந்து நான் கண்டதில்லை.

"உவன் ஆர்?"

"அண்ணாதானே அம்மா."

"விசரே உனக்கு? மிதுனன் உப்பிடி நடந்தவனோ? உது ஆரோ வெள்ளைக்காரப் பெடியன் பரேட் போறான்."

மிதுனன். பத்து வருடமாக இந்த வீட்டில் சொல்லாத பெயர். அவர் சொன்னதை அவரே கவனிக்கவில்லை.

"அவன் கையைப் பார், வீசுறான்! அவனுக்கு எங்கை கை வீச நேரம்? வளருற பிள்ளை எண்டு களிசானைப் பெரிசாத் தைச்சுப் போட்டன். ஒரு கையாலை பிடிக்காட்டில் கழண்டு போடும்."

ஊரில் எடுத்த அந்தப் படத்தில் அண்ணா ஒரு கையை இடுப்பில் வைத்திருந்தான். நான் அதை ஸ்ரைல் என்று நினைத்திருந்தேன். குன்வோரும் அப்படித்தான் நினைத்திருப்பார், அந்தக் கையை இடுப்பிலிருந்து வெட்டி விடுவித்துவிட்டார்.

"இஞ்சை பார்" என்று அம்மா எழும்பினார். சீலையைக் கொஞ்சம் தூக்கிச் செருகினார். குசினி வாசலில் போய் நின்றார். பிறகு, அக்கா, அவர் நடந்தார்.

என் அம்மா பேக்கரியில் நின்று நின்று கால் வீங்கினவர். படியேறினால் மூச்சு வாங்குகிறவர். அவர் இடது கையால் இடுப்பைப் பிடித்துக்கொண்டு, கால் பெருவிரல்களை உள்ளுக்கு மடித்து, வயிற்றைத் தள்ளிக்கொண்டு, வலது கை விரல்களால் சுவரை உரசிக்கொண்டு வந்தார். கொஞ்சத் தூரம் நடை. பிறகு ஒரு சின்ன ஓட்டம். ரீவிக்குப் பக்கத்தில் கிணறு இருப்பதுபோல ஒரு வளைவு. அங்கே என் அம்மா இல்லை. எட்டு வயதுப் பெடியன் ஒருவன் எங்கள் வரவேற்பறையில் நடந்து திரிந்தான். நான் அவனை முதல் தடவையாகக் கண்டேன்.

யன்னல் வரை போய், அவர் சடாரென்று நின்று திரும்பினார். தன் முழங்கால் உயரத்தில் யாரையோ பார்த்தார். பொறுத்து நின்றார். பிறகு நடந்தார். திரும்பவும் நின்று, திரும்பிப் பார்த்தார்.

"என்னம்மா பாக்கிறியள்?" என்று கேட்டேன்.

"உன்னைத்தான். நீ பின்னாலை தத்தித் தத்தி வருவாய். விட்டிட்டுப் போனால் குழறுவாய். அவன் எங்கை போனாலும் நிண்டு நிண்டு பாத்துத்தான் போவான்."

சொல்லிவிட்டு அம்மா யன்னலடியில் அப்படியே இருந்துவிட்டார். அப்போதுதான் அழுதார். நான் போய்ப் பக்கத்தில் இருந்தேன். என்னை மன்னித்தாரா என்று தெரியாது. கேட்கவில்லை. என் கையைப் பிடித்திருந்தார், மிகவும் இறுக்கி, நோகும்படி.

பிறகு எழும்பி முகம் கழுவி, புட்டும் வாழைப்பழமும் படைத்தார். துண்டுகளைத் துணியோடு சாமித் தட்டில் வைத்தார். இடுப்புக் கையை மட்டும் பழையபடி இடுப்பில் வைத்தார். சாப்பிடும்போது, "அந்த மனுசிக்கு எழுது" என்றார். "படத்தை ஒருத்தருக்கும் காட்ட வேண்டாமாம் எண்டு எழுதட்டோ?" என்று கேட்டேன். "ஆர் சொன்னது? பிழையா நடக்குது எண்டு எழுது. சரியா நடக்க வைக்கச் சொல்லு. தாய் சொல்லுறா எண்டு சொல்லு."

ஆகவே குன்வோரிடம் சொல்லுங்கள். துண்டுகளை நாளைக்கே திருப்பி அனுப்புகிறோம், அம்மாதான் தபாலில் சேர்ப்பார். ஒரு கை இடுப்பில். மற்றக் கை எதையாவது உரச வேண்டும், மரமோ வேலியோ. கால் விரல்கள் உள்ளுக்கு. அவன் நிமிர்ந்து நேரே போகிறவன் இல்லை. கண்டல் மரங்களைத் தாண்டியதும் நிற்க வேண்டும், திரும்பிப் பார்க்க வேண்டும். பின்னால் யாரும் வரத் தேவையில்லை, வருகிறார்கள் என்று அவன் நினைத்தால் போதும்.

அம்மா குசினிக்குள்ளிருந்து கேட்கிறார்.

"எழுதிப் போட்டியோ? திரும்பிப் பாக்கிறதை எழுதினனியோ?"

எழுதிவிட்டேன்.

துர்க்கா